மெட்டுக்காரர்களின் பெயர்கள்

திரைக்குப் பின்னால் – 9

கல்முனையில் ஏறிய பொத்துவில் பஸ் அக்கரைப்பற்றைத் தாண்டியதும் சாரதி வானொலியின் சத்தத்தைக் கூட்டினார். மொஹிதீன் பேக் பாடிய பழைய சிங்களப் பாட்டு. பக்கத்தில் இருந்த பெரியவர் தையல் தொழிலாளி. ஊசி பட்டுக் காய்த்த விரலால் முன் சீற்றுக் கம்பியில் தாளம் போட்டுக்கொண்டே வந்தார்.

"தம்பி, பாடினவர் ஆரெண்டு இந்தக் கரையில சின்னப் புள்ளையும் சொல்லும். மெட்டுப் போட்டவர் ஆரு?"

"எந்தப் படமெண்டு தெரிஞ்சாத்தான் சொல்லலாம் காக்கா. ஆனா இந்தக் குரலைச் சினிமாவுக்குக் கொண்டுவந்தவர் ஆரெண்டு எனக்குத் தெரியும்" என்றேன்.

அவருக்குச் சொன்னதைத்தான் இந்த வாரம் எழுதுகிறேன்.

முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ' 1947 ஜனவரி 21ஆம் திகதி கொழும்பில் திரைக்கு வந்தது. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர், இசை ஆர். நாராயண ஐயர். அதே ஆண்டில் வந்த 'அசோகமாலா' கோயம்புத்தூர் சென்ட்ரல் ஸ்டூடியோவில் உருவானது. அதற்கு இசையமைத்தவர் முகம்மது கௌஸ். கலைஞர்கள் அவரைக் 'கௌஸ் மாஸ்டர்' என்றே அழைத்தார்கள்.

கௌஸ் மாஸ்டரின் காது பெரிய காது. சேலத்தில் 1919இல் பிறந்து சிறுவயதில் கொழும்புக்கு வந்த மொஹிதீன் பேக்கைத் திரையில் பாடவைத்தார். வயலினோடு வந்த அல்பேர்ட் பெரேரா என்ற இளைஞனையும் அதே படத்தில் சேர்த்துக்கொண்டார். அந்த இளைஞன்தான் பிற்காலத்தில் அமரதேவ ஆனார். 2001இல் மக்சேசே விருது பெற்றார். சிங்கள இசையின் இரண்டு பெருங்குரல்களுக்குத் திரைக்கதவைத் திறந்துவிட்டவர் ஒரு முஸ்லிம் இசைக்கலைஞர். நம் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லாமல் வைத்திருப்பது பெரிய குறை.

அடுத்து வந்தவர் ஆர். முத்துசாமி. நாகர்கோவிலில் பிறந்தவர். 'பிரேம தரங்கய' படத்தோடு 1950களின் தொடக்கத்தில் இலங்கைத் திரையிசைக்குள் வந்தவர், பிறகு இந்த மண்ணிலேயே தங்கிவிட்டார். தாய்மொழி தமிழ், மெட்டமைத்ததோ சிங்களச் சொற்களுக்கு. அது எவ்வளவு நுணுக்கமான வேலை என்பதற்கு ஓர் உதாரணம். சிங்களத்தில் 'மல' என்றால் பூ. 'மால' என்று நீட்டினால் மாலைகள். மெட்டு ஒரு மாத்திரை கூடிப்போனால் பூ மாலையாகிவிடும். சொல்லின் குறில் நெடில் எங்கே என்று காதால் அறிந்து, நெடிலில் மெட்டை நிறுத்தி, குறிலில் நகர்த்தவேண்டும். வேற்று மொழியை இவ்வளவு மரியாதையோடு தொட்டவர்களை நான் வணங்குகிறேன்.

அந்தக் காலத்துச் சிங்களப் படப்பாட்டுகளில் பல, இந்தி, தமிழ் மெட்டுகளின் நகல்தான். படமெடுத்தவர்கள் ஏற்கெனவே வெற்றி கண்ட மெட்டையே கேட்டார்கள். 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' சுனில் சாந்தவின் சொந்த மெட்டுகளோடு வந்தபோதுதான் புது வழி பிறந்தது. நகல் எடுத்த காலத்தை நான் நியாயப்படுத்தவில்லை. ஆனால் அந்தக் காலத்தில்தான் வாத்தியக்காரர்களும் பாடகர்களும் ஒலிப்பதிவின் தொழிலைக் கற்றுத் தேறினார்கள் என்பதையும் மறக்கக்கூடாது.

முத்துசாமி தமிழுக்கும் தந்தார். 1972இல் வீ.எஸ். துரைராஜா தயாரித்த 'குத்துவிளக்கு' படத்துக்கு அவர்தான் இசை. தமிழகத்துப் படங்கள் கொட்டகைகளை நிறைத்திருந்த நேரத்தில், நம் மண்ணின் பேச்சோடு வந்த அந்தப் படத்தை எடுத்ததே துணிச்சல். சிங்களப் படங்களில் பழகிய கை, ஈழத்து இரத்தினத்தின் வரிகளுக்கு மெட்டுப் போட்டது.

எங்கள் கரையில் தமிழரும் முஸ்லிம்களும் ஒரே மொழியைப் பேசி, அடுத்தடுத்த ஊர்களில் வாழ்கிறோம். நாங்கள் பட்டு முடித்த காயங்கள் பல. நாராயண ஐயரும் கௌஸ் மாஸ்டரும் முத்துசாமியும் சேர்ந்து சிங்களப் பாட்டுக்கு அத்திவாரம் போட்டார்கள் என்ற செய்தி, சிங்களவரையும் சேர்த்து மூன்று வீட்டுக்கும் பொதுவான சொத்து.

திருக்கோவில் தாண்டி வினாயகபுரம் வந்தது. நான் எழுந்தபோது பெரியவர் என் கையைப் பிடித்தார்.

"அந்தப் பேரை இன்னொருக்காச் சொல்லுங்க தம்பி."

"கௌஸ் மாஸ்டர்."

அளவு சொல்லிக் கேட்டுக்கொள்பவரைப் போல வாய்க்குள் இரண்டு தரம் சொல்லிப் பார்த்தார். பஸ் நகர்ந்தபோதும் அவர் உதடு அசைந்துகொண்டிருந்தது.

அடுத்த வாரம்: 'வாடைக்காற்று' படத்துக்கு இசையமைத்த ரி.எவ். லத்தீப்.

(தொடரும்)