மூடிய சிப்பியும் பத்துக் காசு வட்டியும்

கைப்பேசி விளையாட்டுகளில் ஒரு விநோதமான வகை உண்டு. போர் தொடங்கியதும் ஆடுபவர் கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்க்க வேண்டியதுதான். வீரர்களை விலைக்கு வாங்குவதும், அவர்களைக் கட்டங்களில் நிறுத்துவதும் மட்டுமே அவர் வேலை. சண்டையை வீரர்கள் தாமாகவே போட்டுக்கொள்வார்கள். 'ஆட்டோ பேட்லர்' என்பது இதன் பெயர். 2019 ஜனவரியில் சீனாவின் ட்ரோடோ ஸ்டுடியோ உருவாக்கிய 'டோட்டா ஆட்டோ செஸ்' இவ்வகையை உலகெங்கும் பரப்பியது. அதே ஆண்டிலேயே ரயட் கேம்ஸ் நிறுவனத்தின் 'டீம்ஃபைட் டாக்டிக்ஸ்', வால்வ் நிறுவனத்தின் 'டோட்டா அண்டர்லார்ட்ஸ்', பிளிஸார்டு நிறுவனத்தின் 'ஹார்த்ஸ்டோன் பேட்டில்கிரவுண்ட்ஸ்' ஆகியவை அடுத்தடுத்து வந்தன.

அருகிலிருந்து பார்க்கும் பெற்றோருக்கு இது சூதாட்டம்போலவே தோன்றும். கடையில் எந்த வீரன் விற்பனைக்கு வருவான் என்பது குலுக்கலின் கையில் இருக்கிறது. சண்டையோ ஆடுபவரின் கையில் இல்லை. ஆயினும் எட்டுப் பேர் மோதும் ஆட்டத்தில் தேர்ந்தவர்கள் மீண்டும் மீண்டும் முதல் நான்கு இடங்களுக்குள் வந்துவிடுகிறார்கள். அதிர்ஷ்டம் எல்லோருக்கும் பொது என்றால் இது எப்படி நிகழ்கிறது? பொருளியல் கற்பித்தவன் என்ற முறையில் எனக்குக் கிடைத்த விடை இதுதான்: வெற்றி போர்க்களத்தில் தீர்மானமாவதில்லை, கஜானாவில் தீர்மானமாகிறது. இதை விளக்க, தூத்துக்குடிக் கடற்கரையின் பழைய வணிகம் ஒன்றைவிடப் பொருத்தமான உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

சிப்பி ஏலம்

மன்னார் வளைகுடாவின் அடியில் 'பார்' எனப்படும் திட்டுகளில் முத்துச் சிப்பிகள் வளர்ந்தன. முத்துக்குளிப்பு ஆண்டுதோறும் நடந்ததில்லை. சிப்பிகள் காணாமற்போய்ப் பல ஆண்டுகள் கடல் வெறுமையாகக் கிடந்ததும் உண்டு. தூத்துக்குடியின் கடைசி முத்துக்குளிப்புத் தொடர் 1955 முதல் 1961 வரை நடந்தது. ஆங்கிலேயர் காலத்து வழக்கப்படி, குளிப்புக்கு முன்பே பார்களைச் சோதித்து, சிப்பிகளில் ஒரு பகுதியை மாதிரிக்கு எடுத்துத் திறந்து, கிடைத்த முத்துகளை மதிப்பிடுவார்கள். மதிப்பு தேறினால்தான் குளிப்பு அறிவிக்கப்படும். எடுத்த சிப்பிகளில் மூன்றில் ஒரு பங்கு குளியாளிகளுக்கு. எஞ்சிய அரசுப் பங்கு ஆயிரம் ஆயிரமாக ஏலம் விடப்படும்.

அந்தச் சிப்பிகள் திறக்கப்படாதவை. உள்ளே முத்து இருக்கிறதா, இருந்தால் எத்தரம் என்பது ஏலம் எடுத்தவருக்கும் தெரியாது, விற்பவருக்கும் தெரியாது. மாதிரிச் சோதனையின் சராசரி மட்டும் எல்லோருக்கும் தெரியும். ஆகவே, ஒரு குவியலில் மொத்தப் பணத்தையும் போட்டவருக்கு அது சூதாட்டம்; பல குவியல்களைச் சராசரிக்குக் கீழான விலையில் வாங்கும் அளவுக்குக் கையிருப்பு வைத்திருந்தவருக்கு அது வணிகம். சிப்பியும் ஒன்றே, கடலும் ஒன்றே. வேறுபாடு கையிருப்பில்தான் இருந்தது.

வட்டியின் கணக்கு

இதே வேறுபாட்டை 'டீம்ஃபைட் டாக்டிக்ஸ்' தன் விதிகளுக்குள்ளேயே எழுதி வைத்திருக்கிறது. வழக்கமான விதிப்படி, தொடக்கச் சுற்றுகள் கழிந்தபின் ஒவ்வொரு சுற்றுக்கும் அடிப்படை வருமானம் 5 தங்கக் காசுகள். செலவிடாமல் வைத்திருக்கும் ஒவ்வொரு 10 காசுக்கும் 1 காசு வட்டி. உச்சவரம்பு 5 காசு. அதாவது, 50 காசு சேர்த்துவிட்டவரின் வருமானம் இரட்டிப்பாகிறது. ஒரு சுற்றுக்குப் பத்து விழுக்காடு வட்டி தரும் வங்கி உலகில் எங்கும் இல்லை!

முதல் உத்தி இதிலிருந்தே பிறக்கிறது: தொடக்கத்தில் சிக்கனமாக இருந்து 50ஐ விரைவில் எட்ட வேண்டும். எட்டியபின், அதற்கு மேல் வரும் காசைத் தயங்காமல் செலவிட வேண்டும். 50க்கு மேற்பட்ட காசுக்கு வட்டி இல்லையாதலால் 70 காசைப் பூட்டி வைப்பது சிக்கனம் ஆகாது, வெறும் கஞ்சத்தனம். அதேபோல், 31 காசு இருக்கையில் 2 காசு செலவிடுவது பார்வைக்குச் சிறிது. ஆனால் 30 என்ற படியிலிருந்து இறங்கிவிடுவதால் வட்டியிலும் ஒரு காசு போகிறது. 38 காசு வைத்திருப்பவருக்கு அதே செலவால் வட்டி இழப்பே இல்லை. விளிம்புநிலைச் செலவு என்று பொருளியல் பாடநூல்கள் அத்தியாயம் அத்தியாயமாக விளக்குவது இதைத்தான்.

சேமிப்புக்கும் ஒரு விலை உண்டு. தோற்கும் ஒவ்வொரு சுற்றிலும், 100இல் தொடங்கும் உயிர்ப்புள்ளிகள் குறைகின்றன. தொடக்கத்தில் சேதம் குறைவு; பின்சுற்றுகளில் கூடுகிறது. தொடர் தோல்விக்கும் ஊக்கக் காசு உண்டு என்பதால், சிலர் முதலில் வேண்டுமென்றே தோற்றுக் காசு சேர்ப்பார்கள். அது உயிர்ப்புள்ளியை விற்றுக் காசாக்கும் வணிகம். விலை மலிவாக இருக்கும் தொடக்கத்தில் விற்கலாம். பாதி ஆட்டம் கடந்த பிறகு அந்த வணிகம் நட்டத்தில் முடியும். உயிர் தரும் காசைவிட உயிரே அருமையாகும் தருணத்தில் கஜானாவைத் திறந்துவிட வேண்டும்.

குலுக்கலின் கணக்கு

கடையில் ஒரு நேரத்தில் ஐந்து வீரர்கள் தெரிவார்கள். பிடிக்கவில்லையென்றால் 2 காசு கொடுத்துப் புதிதாக ஐவரை வரவழைக்கலாம். ஆடுபவர்கள் இதை 'ரீரோல்' என்கிறார்கள். ஒரே வீரனின் மூன்று பிரதிகள் சேர்ந்தால் அவன் இரண்டு நட்சத்திர வலிமை பெறுகிறான். ஒன்பது சேர்ந்தால் மூன்று நட்சத்திரம். எட்டுப் பிரதிகளைச் சேர்த்துவிட்டு ஒன்பதாவதுக்காக ரீரோல் பொத்தானை அழுத்திக்கொண்டே இருப்பவர்களின் கஜானாதான் பெரும்பாலும் காலியாகிறது.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஓர் இடத்தில் நமக்கு வேண்டிய வீரன் வர 2 விழுக்காடு வாய்ப்பு என்று வைத்துக்கொள்வோம். ஐந்து இடங்களில் ஒன்றிலாவது அவன் வருவதற்கான வாய்ப்பு ஏறத்தாழ 10 விழுக்காடு. "பத்து முறை அழுத்தினால் வந்துவிடுவான்" என்று மனம் சொல்லும். உண்மையில், பத்து முறை அழுத்தி 20 காசு செலவிட்ட பிறகும் அவன் வராமலே போவதற்கான வாய்ப்பு 36 விழுக்காடு! பதினோராவது முறை அழுத்தும்போது வாய்ப்பு கூடுவதும் இல்லை. அதே 10 விழுக்காடுதான். முன்பு வராததால் இனி வந்தே தீர வேண்டும் என்று நம்புவது சூதாடியின் மயக்கம்.

எனவே, தேர்ந்தவர் பொத்தானை அழுத்துமுன் இரண்டை முடிவு செய்கிறார்: எத்தனை காசு வரை செலவிடுவது, அதற்குள் வராவிட்டால் எந்தப் படையோடு தொடர்வது. 50க்கு மேலுள்ள காசை மட்டும் சுற்றுதோறும் செலவிட்டுத் தேடுபவர் வட்டியை இழப்பதில்லை. மலிவான வீரர்களை மூன்று நட்சத்திரமாக்க விரும்புபவர் கீழ்நிலையிலேயே தங்கித் தேட வேண்டும். விலையுயர்ந்த வீரர்கள் மேல்நிலைகளில்தான் அதிகம் வருவார்கள் என்பதால், அவர்களை விரும்புபவர் காசை நிலை உயர்த்துவதில் இட வேண்டும். இரண்டையும் பாதிப் பாதி செய்பவருக்கு இரண்டும் கைகூடாது.

பொதுப் பாரில் எத்தனை தோணிகள்?

எட்டு ஆட்டக்காரர்களும் வாங்குவது ஒரே பொதுக் கையிருப்பிலிருந்து. ஒரு வீரனுக்கு 20 பிரதிகள் உள்ளன என்று கொள்வோம். மற்ற இருவர் ஆளுக்கு ஆறு வைத்திருந்தால் எஞ்சுவது எட்டு. எத்தனை காசு கொட்டினாலும் ஒன்பது சேராது. ஆகவே, அடுத்தவர் களத்தை எட்டிப் பார்ப்பது வெற்றியின் பாதி. பலரும் துரத்தும் 'சிறந்த' படையைவிட, ஒருவரும் சீண்டாத இரண்டாந்தரப் படை பெரும்பாலும் அதிகம் தரும். ஒரே பாரில் தோணிகள் குவிந்தால் ஒவ்வொரு தோணிக்கும் வரும் பங்கு சிறுத்துத்தானே போகும்?

ஏலக் கோட்பாட்டில் இதற்கு நெருங்கிய ஒரு கருத்து உண்டு. மதிப்பு தெரியாத ஒரு பொருளுக்குப் பலர் விலை கேட்கும்போது, அதன் மதிப்பை மிகையாகக் கணித்தவரே ஏலத்தை வெல்கிறார், வென்றதாலேயே நட்டப்படுகிறார். 1971இல் எண்ணெய் வயல் ஏலங்களை ஆராய்ந்த பொறியாளர்கள் விளக்கிய இது, 'வென்றவரின் சாபம்' எனப்படுகிறது. ஏலக் கோட்பாட்டுக்காக ராபர்ட் வில்சனும் பால் மில்க்ரமும் 2020இல் பொருளியல் நோபல் பரிசு பெற்றனர். மூடிய சிப்பிக் குவியல் இதற்கு அச்சு அசலான உதாரணம்.

மன்னார் வளைகுடாவின் மறுகரையில் இந்தச் சாபம் பெரிய அளவில் பலித்தது. 1905இல் இலங்கையின் மரிச்சுக்கட்டியில் நடந்த குளிப்பில் சுமார் 8 கோடி சிப்பிகள் எடுக்கப்பட்டன. அரசுக்குச் சுமார் 25 லட்சம் ரூபாய் வருவாய். அந்த உச்சத்தைக் கண்டு, 1906இல் லண்டன் முதலீட்டாளர்களின் கம்பெனி ஒன்று பார்களை 20 ஆண்டுக் குத்தகைக்கு எடுத்தது. 1907க்குப் பின் பல ஆண்டுகள் அங்கே குளிப்பே நடக்கவில்லை, கம்பெனி நொடித்தது. கடந்த சுற்றின் உச்ச விளைச்சலை நிரந்தர வருமானமாகக் கருதி, திரும்பி வர வழியில்லாத ஒப்பந்தத்தில் இறங்கியதே அதன் பிழை. ஆட்டத்திலும் அப்படித்தான்: நேற்று வென்ற படையையே இன்றும் கட்டுவேன் என்று முதல் சுற்றிலேயே உறுதி பூணுபவர், கடை வேறொன்றைத் தரும்போது அதை வாங்க மறுக்கிறார். கிடைப்பதைக் கொண்டு தொடங்கி, பாதி வழியில் படையை மாற்றும் வசதியைக் கையில் வைத்திருப்பவரே நிலைக்கிறார்.

வீட்டில் கேட்க வேண்டிய கேள்வி

இணைய விளையாட்டுகளால் குடும்பங்கள் சிதைந்ததைத் தமிழ்நாடு நன்கறியும். மாநில அரசு 2022இல் இணையச் சூதாட்டத் தடைச் சட்டம் கொண்டுவந்தது. நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் நிறைவேற்றிய சட்டம், பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடை செய்து, இ-ஸ்போர்ட்ஸ் போட்டிகளுக்குத் தனி அங்கீகாரம் அளித்தது. நீதிமன்றங்களில் நெடுங்காலம் நடந்த வாதம், ஓர் ஆட்டம் திறமையா, அதிர்ஷ்டமா என்பது. ஆட்டோ பேட்லரைப் பார்க்கும்போது இந்தக் கேள்வியே போதாது என்று எனக்குத் தோன்றுகிறது. இதில் இரண்டும் பிரிக்க முடியாதபடி கலந்திருக்கின்றன. பணம் கட்டி ஆடும் சீட்டாட்டத்திலும் அப்படியே. வேறுபாடு, இழப்பு எங்கே முடிகிறது என்பதில் இருக்கிறது. இங்கே காசு அரை மணி நேரத்துக் காசு. ஆட்டம் முடிந்ததும் கஜானா அழிகிறது, அடுத்த ஆட்டத்தில் எல்லோரும் சமமாகத் தொடங்குகிறார்கள். உண்மைப் பணத்துக்கு அந்த மறுதொடக்கம் இல்லை.

இவ்வகை விளையாட்டுகளிலும் ஒரு வாசல் திறந்திருக்கிறது என்பதைப் பெற்றோர் அறிய வேண்டும். அலங்காரப் பொருள்களை உண்மைப் பணத்துக்குக் குலுக்கல் முறையில் விற்பவையும் அவற்றில் உண்டு. அங்கே தெரிவதும் அதே ரீரோல் பொத்தான்தான். ஆனால் வட்டியும் இல்லை, உச்சவரம்பை நினைவூட்ட எவரும் இல்லை.

ஆகவே, கைப்பேசியைப் பிடுங்குவதைவிடப் பயனுள்ள ஒரு வழியைப் பரிந்துரைக்கிறேன். "ஜெயித்தாயா, தோற்றாயா?" என்று பிள்ளைகளைக் கேட்க வேண்டாம். "எத்தனை காசு மீதி வைத்திருந்தாய்? தேடுவதை எப்போது நிறுத்தினாய்? ஏன்?" என்று கேளுங்கள். இதற்குக் காரணத்தோடு பதில் சொல்லும் பிள்ளை, பத்து முறை அழுத்தியும் வராமல் போகும் அந்த 36 விழுக்காட்டைப் புரிந்துகொண்ட பிள்ளை. நாளை ஏதோவொரு செயலி அவனிடமோ அவளிடமோ உண்மைப் பணத்தைக் கேட்கும்போது, சட்டம் வருவதற்கு முன்பே அந்தக் கணக்கு காவலுக்கு வந்து நிற்கும்.