நான்கு பெருக்கல் மூன்றானது

இரண்டு பெரிய எண்களைப் பெருக்க, பள்ளியில் படித்த முறையைவிடக் கணிசமாக வேகமான வழி கிடையாது என்றே கணித மேதை கொல்மகோரவ் நம்பினார். 1960இல் மாஸ்கோ பல்கலைக்கழகக் கருத்தரங்கில் அதைச் சொல்லவும் செய்தார். கேட்டுக்கொண்டிருந்த 23 வயது மாணவர் அனத்தோலி கரட்சூபா, ஒரே வாரத்தில் வேறு வழி கண்டுபிடித்துவிட்டார்!

23ஐ 14ஆல் பெருக்க, வழக்கமாக நான்கு சிறு பெருக்கல்கள் வேண்டும். அவர் வழியில் மூன்றே போதும். 2ஐ 1ஆல் பெருக்கினால் 2. 3ஐ 4ஆல் பெருக்கினால் 12. அடுத்து, இரு எண்களின் இலக்கங்களையும் தனித்தனியே கூட்டினால் 5, 5, பெருக்கினால் 25. அதில் 2ஐயும் 12ஐயும் கழித்தால் 11. இனி 2ஐ நூறுகளாகவும், 11ஐப் பத்துகளாகவும், 12ஐ ஒன்றுகளாகவும் எடுத்து 200, 110, 12 மூன்றையும் கூட்டுங்கள்: 322. எவ்வளவு அழகு!

ஆயிரக்கணக்கான இலக்கங்கள் கொண்ட எண்ணைப் பாதி பாதியாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு பெருக்கலைக் குறைத்தால் மிச்சமாகும் நேரம் மிக அதிகம். பைத்தான் என்ற கணினி நிரல் மொழி மிகப் பெரிய முழு எண்களைப் பெருக்குவது இந்த முறையில்தான்.