பழைய சீலிங்கைத் தேய்க்காதீர்கள், பூசி மூடுங்கள்

பெருநாள் நெருங்கினால் எனது ஹாட்வெயார் கடையில் பெயின்டும் சாண்ட்பேப்பரும் சேர்ந்தே விலைப்படும். "பழைய சீலிங்கைத் தேய்த்துவிட்டு அடிக்கத்தான்" என்பார்கள். அது அஸ்பெஸ்டஸ் சீலிங் என்றால் சாண்ட்பேப்பரை நான் கொடுப்பதில்லை. வியாபாரம் கொஞ்சம் குறையும், பரவாயில்லை.

அஸ்பெஸ்டஸ் நார் சீமெந்துக்குள் இறுகிக் கிடக்கும்வரை ஆபத்து குறைவு. தேய்த்தால், துளைத்தால், உடைத்தால் கண்ணுக்குத் தெரியாத தூசாகப் பறக்கும். மூச்சோடு போய் நுரையீரலில் தங்கும். புற்றுநோய் 20, 30 வருடங்கள் கழித்தும் வரலாம். நாட்கூலிக்குத் தேய்த்த பையனுக்கு அன்று யார் பதில் சொல்வது?

நீல அஸ்பெஸ்டஸ் இலங்கையில் 1987இல் தடைசெய்யப்பட்டது. வெள்ளை அஸ்பெஸ்டஸ் தொடர்ந்து வந்தது. அதன் இறக்குமதியை 2018 முதல் கட்டுப்படுத்த அரசு தீர்மானித்திருந்தது. 2017 டிசம்பரில், பொதியில் வண்டு இருந்ததாகக் கூறி ரஷ்யா நமது தேயிலையை நிறுத்தியது. வெள்ளை அஸ்பெஸ்டஸும் பெரும்பாலும் ரஷ்யாவிலிருந்துதான் வந்தது. அரசு அந்தத் தீர்மானத்தைக் கைவிட்டது. ஆகவே நமது வீட்டையும் கடையையும் நாமே பார்த்துக்கொள்ள வேண்டும்.

இங்கிலாந்து 1999இல் வெள்ளையையும் தடைசெய்தது. ஆனால் 1980கள் வரை சொரசொரப்பாகப் பூசிய சீலிங்குகளில் அது இன்னும் உண்டு. நல்ல நிலையில் இருப்பதைக் கிளறாமல் விடலாம் என்பதே அங்கும் ஆலோசனை.

மூடும் முறை இதுதான். முதலில் கூரை ஒழுக்கை நிறுத்துங்கள். ஈரம் இருந்தால் எந்தப் பூச்சும் நிற்காது. சீலிங்கை ஈரத்துணியால் மெதுவாகத் துடையுங்கள். உலர்ந்த தும்புத்தடியால் கூட்ட வேண்டாம். காய்ந்தபின், சீமெந்தின் காரத்தைத் தாங்கும் பிரைமர் ஒரு கை, அதன்மேல் எமல்ஷன் இரண்டு கை. பிரஷ் அல்லது ரோலரால் பூசுங்கள். பழைய துணியை ஈரத்தோடே பொலித்தீனில் கட்டிவிடுங்கள்.

பிறகு ஃபேன் கொழுவவோ வயர் இழுக்கவோ அதில் துளையிடக் கூடாது. இதை பாஸிடம் வேலைக்கு முன்பே சொல்லிவிடுங்கள்.

தகடு வெடித்து உதிர்ந்தால் பூச்சு போதாது. ஆட்களை வெளியேற்றி, நனைத்து, உடைக்காமல் கழற்ற வேண்டும். துணி முகமூடி இதற்கு உதவாது. பழக்கமுள்ளவரிடமே வேலையைக் கொடுங்கள்.

கடையை விற்கும்போதும் வாடகைக்குக் கொடுக்கும்போதும் பூச்சுக்குக் கீழே இருப்பது என்ன என்று சொல்லிக் கொடுங்கள். பழுதை மறைத்து விற்பது வியாபாரமல்ல.