மின்சாரம் போன கப்பலில் யார் கணக்குப் போடுவது?

2024 மார்ச் 26 அதிகாலை, அமெரிக்காவின் பால்டிமோரில் ‘டாலி’ சரக்குக் கப்பல் மின்சாரம் போய், திசை தப்பி, பாலத்தை இடித்துச் சாய்த்தது. ‘ஏஐ ஓட்டியிருந்தால் தப்பியிருக்குமா?’ என்று கேட்கிறார் ஒரு வாசகர். மின்சாரமே போன கப்பலில் அந்த ஏஐயை எந்தப் பிளக்கில் செருகுவது என்பதை விளம்பரக்காரர்கள்தான் சொல்ல வேண்டும்.

இதைவிடச் சுவையான சங்கதி, இப்படி விசையிழந்த இன்னொரு கப்பலின் கதை, எட்வின் ஹட்சின்ஸிடம் இருக்கிறது. மானிடவியலாளர், மைக்ரோனேசியக் கடலோடிகளின் வழியறியும் முறையை ஆராய்ந்தவர். அமெரிக்கக் கடற்படைக் கப்பலொன்றில் ஏறிப் பார்த்ததை 1995இல் புத்தகமாக்கினார். கப்பலுக்கு ‘பலாவ்’ என்று புனைபெயர். வரலாறு போதும்.

சான்டியேகோ துறைமுகத்துக்குள் நுழையும்போது பலாவின் நீராவி அழுத்தம் விழுந்தது. உந்துவிசை போனது, கைரோ திசைகாட்டியும் போனது. இனிக் காந்தத் திசைகாட்டிதான் கதி. கப்பல் இருக்கும் இடத்தை அறிய, கரையிலுள்ள ஒவ்வோர் அடையாளத்துக்கும் நான்கு எண்களைக் கூட்டியாக வேண்டும்: திசைகாட்டி காட்டும் திசை, கப்பலின் இரும்பால் வரும் பிழை, காந்த வடக்குக்கும் மெய் வடக்குக்கும் உள்ள வித்தியாசம், அணியத்திலிருந்து அளந்த கோணம். ஒவ்வொரு தடவையும் மூன்று அடையாளங்கள். வரைபடத்தருகே இருவர் திணறினார்கள். கால்குலேட்டர் வந்தும் திணறல் தீரவில்லை. இரும்புப் பிழையைச் சேர்க்கவே முதலில் மறந்திருந்தார்கள். ஒவ்வோர் அடையாளத்துக்கும் வரைபடத்தில் இழுத்த கோடுகள் ஒன்றுகூடாதபோதுதான் உறைத்தது.

அந்தப் பிழை கப்பல் நோக்கும் திசையைப் பொறுத்தது. ஆகவே அதைத் திசையோடு சேர்த்தே கூட்டும்படி ஆனது. அங்கேதான் முடிச்சு அவிழ்ந்தது. முதல் மூன்று எண்களும் எல்லா அடையாளத்துக்கும் பொது. ஒருவர் அவற்றை ஒருமுறை கூட்டிக் கொடுத்தால், மற்றவர் கோணத்தை மட்டும் சேர்த்தால் போதும். காபிக் கடைக்காரர் டம்ளருக்கு டம்ளர் பொடியை வடிகட்டுவதில்லை. டிகாக்‌ஷன் ஒருமுறை, பால் அவரவருக்கு. இரும்புப் பிழை சிக்கரி என்றால், கப்பல் திரும்பும்போதெல்லாம் சிக்கரி அளவு மாறும், டிகாக்‌ஷனைக் கொட்டிவிட்டுப் புதிதாய்ப் போட வேண்டும்.

கைரோ போன பிறகு வரைந்த கோடுகள் 66. ஏறக்குறைய பாதியில் இந்த வேலைப்பங்கீடு நிலைபெற்றது. யாரும் உத்தரவிடவில்லை, ‘இப்படிப் பிரித்துக்கொள்வோம்’ என்று யாரும் பேசவுமில்லை. தாங்கள் கண்டுபிடித்தது இன்னதென்று இருவருக்கும் தெரிவதற்கு முன்பே குழு அதைச் செய்துகொண்டிருந்தது என்பதே ஹட்சின்ஸின் வாதம்.

சுமார் 25 நிமிடத்தில், நினைத்த இடத்தில் நங்கூரம் இறங்கியது. இடையில் ஒரு பாய்மரப் படகு குறுக்கே வந்தது. கப்பலின் ஊதுகுழலும் செத்திருந்ததால், கையால் இயக்கும் ஊதுகுழலைத் தூக்கிக்கொண்டு ஒருவர் தளத்தின் முனைக்கு ஓடினார். தானியங்கிக் கப்பல் விற்க வருபவரிடம் அந்த ஓட்டம் எந்த மெனுவில் இருக்கிறதென்று கேட்டுவையுங்கள்.