கூரையில்லா நூதனசாலை

நூதனசாலை என்றதும் கண்ணாடிப் பெட்டியும் ‘தொடாதீர்கள்’ என்ற பலகையுமே நம் நினைவுக்கு வருகின்றன. நெதர்லாந்தில், ஹோகே வேலுவே என்னும் வனத்தினுள் குரோலர்-முல்லர் நூதனசாலை இருக்கிறது. 1938இல் தொடங்கிய அது, 1961இல் மரங்களுக்கிடையே ஒரு சிற்பத் தோட்டத்தையும் திறந்தது. மேலைநாட்டார் அதனைப் புதுமை என்பர். தமிழர்க்கோ அது பழகிய காட்சி.

புதுக்கோட்டை மாவட்டத்து இளங்குடிப்பட்டியில் ஐயனார் கோயிற்காடு ஒன்றுண்டு. அங்கே மரநிழலில் நூற்றுக்கணக்கான சுடுமண் குதிரைகள் அணிவகுத்து நிற்கின்றன. ஐயனார் இரவில் ஊர்க்காவலுக்கு ஏறிச்செல்லும் புரவிகள் அவை என்பது நம்பிக்கை. எல்லாம் நேர்த்திக்கடன்கள்.

செய்முறைதான் எனக்கு வியப்பு. முதலில் வேளாரிடம், அதாவது குயவரிடம், ஒரு பிடி மண் கொடுப்பர். ‘பிடிமண்’ என்பது அதன் பெயர். அதன் பிறகே வேலை தொடங்கும். களிமண்ணோடு மணலும் உமியும் கலந்து கால்களை எழுப்பி, அவை இறுகியபின் வயிற்றைச் சுமத்துவர். உள்ளே முழுவதும் வெறுமை. ஆங்காங்கே துளை விடாவிட்டால் சுடும்போது வெடித்துவிடும். சுட்டு, வண்ணம் தீட்டி, ஊர் திரண்டு சுமந்துபோய்க் காட்டில் நிறுத்துவதே புரவியெடுப்பு. வேளாரே பல ஊர்களில் அக்கோயிலின் பூசாரியுமாவார்.

அடுத்த எடுப்பில் புதுக்குதிரை வரும். பழையது நின்றபடியே காது உதிரும், கழுத்துச் சாயும், வயிற்றினுள் செடி முளைக்கும். ஒட்டிச் சீர்செய்வாரில்லை. “அதை ஏன் சேர், பாதுகாக்கவில்லை?” என்று மாணவி ஒருத்தி வகுப்பில் கேட்டாள். நியாயமான கேள்வி. புதுதில்லிக் கைவினை நூதனசாலையில் ஐயனார் குதிரைகள் பத்திரமாகத்தான் நிற்கின்றன. ஆனால் காக்கவேண்டியது குதிரையையா, அதைச் செய்யும் கையையா? பழையது மண்ணாவதால்தான் வேளார் மகனுக்கும் வேலை இருக்கிறது. எமது எழுவான்கரையில் வைகாசிச் சடங்கின் குருத்தோலைத் தோரணம் வாடிக் கழிவதால்தானே ஆண்டுதோறும் அதைப் பின்னத் தெரிந்தவர் இருக்கிறார்? அழியாத தோரணம் ஒன்றைக் கடையில் வாங்கிக் கட்டினால் என்னாகும் என்று அவளிடமே கேட்டேன்.

தெய்வத்தின் காடென்று அங்கே மரம் வெட்ட அஞ்சுவர். ஆதலால் வறண்ட அம்மாவட்டத்தில் பழைய மரவகைகளுக்கும் இக்காடுகளே புகலிடம்.

இப்போது பல ஊர்களில் சீமெந்துக் குதிரைகள் எழுகின்றன. மழை வெயிலுக்கு அஞ்சாமல் நெடுங்காலம் நிற்கும், உண்மைதான். ஒருமுறை கட்டிவிட்டால் வண்ணம் அடிக்க மட்டும் ஆள் போதும். பிடிமண் வாங்க வேளார் வரவேண்டியதில்லை.