நரி பேசாமலே வடை விழுமா?

பாட்டி வடை சுட்ட கதையில் நரி வாயே திறக்காவிட்டால் வடை விழுமா? மேனாம்பேட்டில் என்னிடம் ஓவியம் கற்க வரும் பிள்ளைகளிடம் நான் போடும் முதல் கேள்வி இது. விழும் என்று காட்டியவர்கள் ஊமைப்பட காலத்துக் கலைஞர்கள்.

1910-இல் லடிஸ்லாவ் ஸ்டாரெவிச் என்பவர் வண்டுகளின் சண்டையைப் படம்பிடிக்கப் பார்த்தார். விளக்கைப் போட்டதுமே வண்டுகள் அசையாமல் படுத்துவிட்டன. செத்த வண்டுகளின் கால்களைக் கம்பியாலும் மெழுகாலும் பொருத்தி, இம்மி இம்மியாக நகர்த்தி, ஒவ்வொரு நகர்வையும் தனித்தனிப் படமாக எடுத்தார். எறும்பும் வெட்டுக்கிளியும் கதையையும் இதே முறையில் படமாக்கினார்.

1921-இல் அமெரிக்காவின் பால் டெரி ஈசாப் கதைகளின் பெயரில் கார்ட்டூன் தொடர் ஒன்றைத் தொடங்கினார். வாரம் ஒரு படம். பின்னணியை ஒருமுறை வரைந்துவிட்டு, அசையும் விலங்கை மட்டும் மேலே வைக்கும் கண்ணாடித் தாளில் மாற்றி மாற்றி வரைவார்கள். வேகத்தின் ரகசியம் அதுதான். அந்தப் படங்களுக்கு இணையாக எடுத்துவிட வேண்டும் என்பதே வால்ட் டிஸ்னியின் ஆரம்பகால ஆசை.

நீதிக்கதை ஏன் அவர்களுக்குக் கைகொடுத்தது? கதை எல்லாருக்கும் தெரியும். வசனம் கேட்காவிட்டாலும் யாரும் தடுமாற மாட்டார்கள். மிச்சத்தை வாலும் காதும் பார்த்துக்கொள்ளும்.

நாங்களும் அட்டையில் காக்கா, நரி, வடை வெட்டித் தரையில் வைத்து, மேலிருந்து செல்போனில் எடுக்கிறோம், நொடிக்கு 12 படம். நரியின் வாயை மட்டும் திறந்து மூடினால் ஒன்றும் புரியாது. நரி தலையைத் தாழ்த்த வேண்டும், வால் மெல்ல ஆட வேண்டும், காக்காவின் நெஞ்சு படத்துக்குப் படம் நிமிர வேண்டும். அப்புறம் அலகு திறந்தால் புகழ்ச்சிக்கு மயங்கிவிட்டது என்று யாருக்கும் தெரிந்துவிடும். வடைக்கு 6 படம். சம இடைவெளியில் இறக்கினால் மிதக்கும். இடைவெளியைக் கூட்டிக்கொண்டே போனால்தான் பொத்தென்று விழும். புவியீர்ப்பைப் பிள்ளைகள் விரலாலேயே படித்துவிடுகிறார்கள்.

நம் நாட்டில் திரைப்பட முன்னோடி பால்கே 1915-லேயே தீக்குச்சிகளை ஆடவைத்துப் படமெடுத்தார். அரசின் படத்தயாரிப்பு அமைப்பான பிலிம்ஸ் டிவிஷன் 1957-இல் பௌத்த ஜாதகக் கதை ஒன்றை 'பேன்யன் டீர்' என்ற கார்ட்டூனாக்கியது. கொக்கும் நண்டும், குரங்கும் முதலையும் என்று பஞ்சதந்திரத்தில் கதைக்குப் பஞ்சமே இல்லை. பள்ளி ஓவிய வகுப்புகளில் இப்படிக் கதையை அசையவைத்துப் படமெடுப்பதைத் தாராளமாகச் சேர்க்கலாம். அட்டை, கத்தரிக்கோல், ஆசிரியரின் செல்போன் போதும். ஒரு கதையை அசையவைத்த பிள்ளை, பிறகு எந்த விலங்கையும் உற்றுப் பார்க்காமல் கடந்து போகாது.