ஒரு பேச்சு எப்போது குற்றமாகிறது? பூந்தமல்லி ‘பொடா’ கோர்ட் சொல்லும் கதை

பூந்தமல்லி தனி நீதிமன்றம் என்றாலே பலருக்கும் நினைவுக்கு வருவது ராஜீவ் காந்தி கொலை வழக்குதான். 1998 ஜனவரியில் 26 பேருக்குத் தூக்கு தண்டனை விதிக்கப்பட்டது அங்கேதான். வெடிகுண்டு, தீவிரவாத வழக்குகளுக்கான இடம் என்று பெயர் வாங்கிய அதே கோர்ட்டுக்கு, வெறும் மேடைப் பேச்சு ஒன்றும் வழக்காக வந்தது. பேசியவர் மதிமுக பொதுச்செயலாளர் வைகோ.

2002 ஜூன் 29 அன்று மதுரை மாவட்டம் திருமங்கலத்தில் நடந்த கூட்டத்தில், விடுதலைப் புலிகளை நேற்றும் ஆதரித்தேன், இன்றும் ஆதரிக்கிறேன் என்ற பொருளில் அவர் பேசினார். புலிகள் அப்போது தடை செய்யப்பட்ட இயக்கம். ஜூலை 11 அன்று அமெரிக்காவிலிருந்து திரும்பியவரை சென்னை விமான நிலையத்திலேயே போலீஸ் கைது செய்தது. அவர் மீது பாய்ந்தது ‘பொடா’ சட்டத்தின் 21-வது பிரிவு. தீவிரவாத இயக்கத்துக்கு ஆதரவு தந்தால் 10 ஆண்டு வரை சிறை என்று சொல்லும் பிரிவு அது. வேடிக்கை என்னவென்றால், சில மாதங்களுக்கு முன்புதான் ஆளும் கூட்டணியில் இருந்த வைகோ நாடாளுமன்றத்தில் இதே சட்டத்தை ஆதரித்திருந்தார். ஆகஸ்டில் பழ.நெடுமாறனும் இதே சட்டத்தில் உள்ளே போனார்.

வேலூர் சிறையில் வைகோ, வழக்கோ பூந்தமல்லியில். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நூறு கிலோமீட்டருக்கு மேல் போலீஸ் வேன் பயணம். இடையில், 21-வது பிரிவு செல்லாது என்று அவர் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். 2003 டிசம்பர் 16 அன்று தீர்ப்பு வந்தது. சட்டம் செல்லும் என்றார்கள் நீதிபதிகள். ஆனால் ஒரு முக்கியமான கோட்டையும் கிழித்தார்கள்: தீவிரவாதச் செயலைத் தூண்டும், வளர்க்கும் நோக்கம் இல்லாமல் வெறும் தார்மீக ஆதரவு தெரிவிப்பது இந்தப் பிரிவின்படி குற்றம் ஆகாது. அதன் பிறகுதான், 2004 பிப்ரவரியில், வைகோ ஜாமீனில் வெளியே வந்தார். அதற்குள் ஏறத்தாழ 19 மாதங்கள் ஓடிவிட்டன. அதே ஆண்டு பொடா சட்டமே ரத்தானது.

சரி, இதற்கும் வெறுப்புப் பேச்சுக்கும் என்ன சம்பந்தம்?

‘வெறுப்புப் பேச்சு’ என்றால் என்ன என்று பாரதிய நியாய சன்ஹிதாவில் விளக்கமே கிடையாது. இருப்பவை சில பிரிவுகள். மதம், சாதி, மொழி, பிறப்பிடம் போன்றவற்றின் அடிப்படையில் மக்களிடையே பகைமை வளர்த்தால் 196 (பழைய 153-ஏ). மத உணர்வை வேண்டுமென்றே புண்படுத்தினால் 299 (பழைய 295-ஏ). இரண்டுக்கும் பொதுவாக 3 ஆண்டு வரை சிறை. பட்டியல் சாதியினரையும் பழங்குடியினரையும் பொதுவெளியில் இழிவுபடுத்தினால் 1989-ம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் தனியாக இருக்கிறது. 2017-ல் சட்ட ஆணையம் தன் 267-வது அறிக்கையில் வெறுப்புப் பேச்சுக்கென்றே புதிய பிரிவுகள் வேண்டும் என்றது. மத்திய அரசு புதுச் சட்டம் எழுதியபோதும் அவை இடம்பெறவில்லை. கர்நாடகம் 2025 டிசம்பரில் தனி மசோதாவையே நிறைவேற்றியது. முதல் குற்றத்துக்கே 7 ஆண்டு வரை சிறை என்கிறது அது.

ஆக, எந்தச் சட்டம் வந்தாலும் பூந்தமல்லியில் எழுந்த கேள்விதான் திரும்பவும் எழும். பேசியவரின் நோக்கம் என்ன? பேச்சுக்கும் நடக்கப்போகும் கேட்டுக்கும் எவ்வளவு தூரம்? இடஒதுக்கீட்டைப் பற்றிய ‘ஒரே ஒரு கிராமத்திலே’ படத்தின் தணிக்கைச் சான்றிதழை சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தபோது, 1989-ல் அதைத் திருப்பித் தந்த உச்ச நீதிமன்றம், வெடிமருந்துப் பீப்பாயில் விழும் தீப்பொறி போன்ற நெருக்கம் வேண்டும் என்றது. 2025 மார்ச்சில் எம்.பி. இம்ரான் பிரதாப்கடி மீதான கவிதை வழக்கை ரத்து செய்தபோதும், எதைக் கேட்டாலும் பதறுகிற ஆளை அளவுகோலாக வைக்காதீர்கள், திடமனசுள்ள மனிதர் எப்படி எடுத்துக்கொள்வார் என்று பாருங்கள் என்ற பொருளில் சொன்னது. 3 முதல் 7 ஆண்டுக்குள் தண்டனை உள்ள பேச்சு வழக்குகளில், எஃப்.ஐ.ஆர். போடுவதற்கு முன் 14 நாளில் முதற்கட்ட விசாரணை நடத்துவதே பொருத்தம் என்றும் கூறியது.

இதே நீதிமன்றம்தான் 2023 ஏப்ரலில், வெறுப்புப் பேச்சு என்றால் புகாருக்குக் காத்திராமல் தானாகவே வழக்கு போடுங்கள் என்று எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. அம்பத்தூரிலோ ஆவடியிலோ இருக்கும் ஒரு இன்ஸ்பெக்டரின் இடத்திலிருந்து யோசித்துப் பாருங்கள். வழக்கு போடாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு வரலாம்; அவசரப்பட்டுப் போட்டால் கோர்ட்டில் குட்டு விழும். தெருமுனைக் கூட்டத்தில் மைக் பிடித்தவர் ஒரு வார்த்தை கூடப் பேசிவிட்டால், அது தீப்பொறியா வெறும் சவடாலா என்று அன்று ராத்திரியே அவர் முடிவெடுக்க வேண்டும்.

அதைவிடப் பெரிய சிக்கல் ஒன்று உண்டு, இதை யாரும் அதிகம் பேசுவதில்லை. 196, 299 பிரிவுகளில் போலீஸ் வழக்கு போடலாம், கைதும் செய்யலாம். ஆனால் நீதிமன்றம் அந்த வழக்கை விசாரணைக்கு எடுக்க வேண்டுமானால் மத்திய அரசோ மாநில அரசோ முன் அனுமதி தர வேண்டும். அதாவது சாவி கோட்டையில் இருக்கிறது. ஆளும் தரப்புக்கு வேண்டியவர் பேசினால் கோப்பு தூங்கலாம். வேண்டாதவர் பேசினால், தண்டனை வராவிட்டாலும், ஜாமீன் கிடைக்கும் வரை உள்ளே இருக்க வேண்டியதுதான். தெலுங்கு பேசும் மக்களைப் பற்றிய பேச்சுக்காக 2024 நவம்பரில் நடிகை கஸ்தூரி ஹைதராபாத் வரை போய்க் கைது செய்யப்பட்டார். சில நாளில் ஜாமீன் கிடைத்தது. அந்தப் பேச்சை ஆதரிக்க வேண்டியதில்லை. ஆனால் வேகம் எல்லா வழக்கிலும் ஒரே மாதிரி இருக்கிறதா என்று கேட்பதில் தப்பில்லை.

‘அப்படியானால் சட்டமே வேண்டாமா?’ என்று கேட்டால், அதற்கும் ஆமாம் என்று சொல்லிவிட முடியாது. மேடையில் தன் சாதியையோ மதத்தையோ பெயர் சொல்லித் திட்டக் கேட்டவர், மறுநாள் காலை அதே தெருவில்தான் பால் வாங்கப் போக வேண்டும். கருத்துக்குக் கருத்து என்ற பதில் அவருக்கு எடுபடாது. ஏனென்றால் மைக் அவர் கையில் இல்லை.

வைகோ கதைக்குப் பின்னொட்டு ஒன்று உண்டு. ‘நான் குற்றம் சாட்டுகிறேன்’ என்ற தன் நூல் வெளியீட்டில் 2009-ல் பேசியதற்காக, 2019 ஜூலையில் தேசத்துரோகப் பிரிவில் அவருக்கு ஓராண்டு சிறை விதிக்கப்பட்டது. பேச்சுக்கும் தீர்ப்புக்கும் இடையே 10 ஆண்டு. தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது; அதே மாதம் அவர் மாநிலங்களவை உறுப்பினராகப் பதவியேற்றார்.